வண்ண ஒளி வித்தை பழக வரும் இளைஞருக்கு

வாணவேடிக்கையில் நிறத்தைத் தருவது உலோக உப்பு. ஸ்ட்ரான்ஷியம் சிவப்பாக எரியும், பேரியம் பச்சையாக, சோடியம் மஞ்சளாக, தாமிரம் நீலமாக. இவற்றில் நீலம்தான் கைக்கு எளிதில் அகப்படாதது. நீலத்தை உமிழும் தாமிரக் குளோரைடு வெப்பம் மிகுந்தால் சிதைந்துவிடும். வெப்பம் குறைந்தாலோ ஒளி மங்கிப்போகும். ஆழ்ந்த நீலத்தை வானில் நிறுத்துபவரை உலகெங்கும் தொழில் தெரிந்தவராக மதிப்பது இதனால்தான். சோடியத்தின் தொல்லை வேறு வகை. அது துளி கலந்தாலும் மற்ற நிறங்களை அமுக்கி எல்லாவற்றையும் மஞ்சளாக்கிவிடும்.

இந்த நிறங்களுக்கு வயது அதிகமில்லை. சீனத்துக் கரிமருந்து பல நூற்றாண்டுகளாகத் தந்தது பொன்னிறத்தையும் வெண்மையையும்தான். 1780களில் பிரெஞ்சு வேதியியலர் பெர்தோலே பொட்டாசியம் குளோரேட்டைக் கண்டறிந்த பிறகே அடர்ந்த நிறங்களுக்கு வழி பிறந்தது. ஆபத்தும் கூடவே வந்தது. 1788இல் எசோன் ஆலையில் குளோரேட்டைக் கொண்டு வெடிமருந்து செய்து பார்த்தபோது உயிர்கள் போயின. குளோரேட்டும் கந்தகமும் சேர்ந்தால் லேசான உராய்வே போதும், பற்றிக்கொள்ளும். அந்தச் சேர்க்கையை பிரிட்டன் 1894இலும் இந்தியா 1992இலும் தடை செய்தன. நிறத்துக்காக ஆர்செனிக், பாதரசச் சேர்மங்களைக் கையால் அள்ளிய காலமும் உண்டு. நீரில் கரையும் பேரியம் உப்புகளும் நஞ்சுதான்.

சிவகாசித் தமிழர் கைக்கு இத்தொழில் வந்தது தீப்பெட்டி வழியாக. 1923இல் கல்கத்தா சென்று தீக்குச்சி செய்யக் கற்றுத் திரும்பிய ஐய நாடாரும் சண்முக நாடாரும் சிவகாசியில் தொடங்கிய முயற்சி, பிறகு பட்டாசுத் தொழிலாக விரிந்தது. மழை குறைந்த வறண்ட பூமி அதற்குத் துணை நின்றது. நாம் இருக்கும் மலேசியாவின் கிள்ளான் பள்ளத்தாக்கின் காற்று அதற்கு நேர்மாறு. ஆண்டு முழுவதும் ஈரம் கனத்திருக்கும் இங்கே கலவை நீர் கோத்துக்கொள்ளும். அலுமினியம், மக்னீசியத் தூள் கலந்த மருந்தில் ஈரம் புகுந்தால் அது தானாகவே சூடேறி, நெருப்பு எதுவும் படாமல் பற்றக்கூடும். ஊர்விட்டு ஊர் வந்த செய்முறையை அப்படியே நம்பிக் கலப்பது இங்கே உயிருக்கு உலை வைக்கும்.

இந்தத் தொழிலுக்கு வருபவர் முதலில் அறிய வேண்டிய தேதி 1991 மே 7. அன்று பிற்பகல் சிலாங்கூரின் சுங்கை பூலோவில் பிரைட் ஸ்பார்க்லர்ஸ் தொழிற்சாலை அடுத்தடுத்து வெடித்தது. 26 பேர் மாண்டனர். நூற்றுக்கும் மேற்பட்டோர் காயமடைந்தனர். சுற்றிலும் வீடுகள் சேதமடைந்தன. அரச விசாரணை ஆணையம் அமைந்தது. 1994இல் வந்த தொழில்சார் பாதுகாப்பு, சுகாதாரச் சட்டத்துக்கு இந்த விபத்தும் ஒரு காரணமாகச் சொல்லப்படுகிறது. கலவைச் சூத்திரங்களைத் தேடுவதற்கு முன் இளைஞர் படிக்க வேண்டியது அந்த ஆணையத்தின் அறிக்கையை. ஒரு கைப்பிடி மருந்து பற்றினால் விரல் போகும். அதே கைப்பிடிக்கு அருகில் மூட்டை மூட்டையாகச் சரக்கு இருந்தால் தெருவே போகும். செய்யும் இடம், உலர்த்தும் இடம், சேர்த்து வைக்கும் இடம் மூன்றும் ஒன்றுக்கொன்று எட்டாத தொலைவில் இருக்க வேண்டும் என்ற விதி இப்படித்தான், பலர் உயிர் கொடுத்த பிறகு, உறுதிப்பட்டது.

சிவகாசிக்கு அருகே முதலிபட்டியில் 2012 செப்டம்பர் 5 அன்று பட்டாசு ஆலையில் நடந்த வெடிவிபத்தையும் இதோடு சேர்த்துப் படிக்க வேண்டும். அங்கே இறந்தவர்களில் பலர் தொழிலாளர்கள் அல்லர். தீயைக் கண்டு உதவ ஓடிவந்த ஊர்க்காரர்கள். மருந்துச் சாலையில் தீ எழுந்தால் முதல் கடமை ஆட்களை விலக்குவது. இதை உள்ளே வேலை செய்பவர் மட்டும் அறிந்தால் போதாது, அக்கம்பக்கத்தாரும் அறிந்திருக்க வேண்டும்.

தீபாவளிக்குப் பிரிக்பீல்ட்ஸிலும் கிள்ளானிலும் பிள்ளைகள் கையில் பிடிக்கும் கம்பி மத்தாப்பிலேயே கற்க நிறைய உண்டு. அதன் பொறி ஒவ்வொன்றும் எரியும் இரும்புத் துகள். துகளிலுள்ள கரி வெடித்துப் பிரிவதால்தான் பொறி பூவாகக் கிளைக்கிறது. எரியும் முனையின் வெப்பம் 1,000 பாகை செல்சியஸைத் தாண்டும். ஒளி அணைந்து, கம்பி சாம்பல் நிறமாகி, பார்க்கச் சாதுவாகத் தெரியும் அந்தச் சில நொடிகளில்தான் வெறுங்கால் அதை மிதிக்கிறது. பக்கத்தில் ஒரு வாளி தண்ணீர் வைத்து, அணைந்த கம்பியை உடனே அதில் போடும் வழக்கம் வராதவர் பெரிய வாணங்களைத் தொடக் கூடாது.

மலேசியாவில் 1957ஆம் ஆண்டு வெடிபொருள் சட்டப்படி உரிமம் இல்லாமல் வாணம் செய்வது குற்றம். வீட்டுக் கொல்லையில் கலந்து பழகுவது என்ற பேச்சுக்கே இடமில்லை. ஆனால் கலைக்கு வழி அடைபடவில்லை. 2007இல் புத்ராஜெயாவில் பன்னாட்டு வாணவேடிக்கைப் போட்டி நடந்தது. புத்தாண்டு இரவில் கோலாலம்பூர் வானம் ஆண்டுதோறும் ஒளிர்கிறது. இவற்றை நடத்துபவர்கள் உரிமம் பெற்ற குழுக்கள். அப்படியொரு குழுவில் உதவியாளராகச் சேர்வதே முறையான தொடக்கம். அங்கே முதலில் கிடைப்பது மணல்மூட்டை அடுக்கும் வேலையும் வாணக் குண்டுகளைச் செலுத்தும் குழாய்களை நிமிர்த்திக் கட்டும் வேலையும்தான். அலுப்பாக இருந்தாலும் அதைச் செய்துதான் ஆக வேண்டும், ஏனெனில் சாய்ந்த ஒரு குழாய் கூட்டத்தை நோக்கிச் சுடும். குழாய்க்கு மேல் முகத்தை நீட்டவே கூடாது. வெடிக்காத குண்டை உடனே நெருங்கக் கூடாது. மூத்தவர் சொல்லும் நேரம் வரை காத்திருந்து, அவர் சொன்ன பிறகே அருகில் செல்ல வேண்டும். உடுத்துவது பருத்தியாக இருக்கட்டும், நைலானில் எழும் நிலைமின் பொறியே மருந்துக்குப் போதும். எந்த நிறம் எந்த உயரத்தில் எத்தனை நொடி நிற்கும் என்ற கணக்கை, இந்த வேலைகள் கையில் படிந்த பிறகு அதே மூத்தவரிடம் கேட்டுக் கற்கலாம்.