எறும்பு மனிதனாகுமா?

பத்தாம் வகுப்பு மாணவி

முன்னுரை

எழுந்து நடக்கும் எறும்பு, பேசும் வண்டு, வாளேந்திய வெட்டுக்கிளி ஆகியவற்றைக் கதைப் புத்தகங்களில் கண்டு வியக்காத பிள்ளைகள் இல்லை. 1901-ஆம் ஆண்டில் எச்.ஜி. வெல்ஸ் என்ற ஆங்கில எழுத்தாளர், சந்திரனுக்குச் செல்லும் மனிதரைப் பற்றி ஒரு நாவல் எழுதினார். சந்திரனின் உட்குகைகளில் ‘செலனைட்டுகள்’ என்னும் பூச்சி மனிதர்கள் வாழ்வதாக அதில் கற்பனை செய்தார். சுமார் ஐந்தடி உயரம்; எறும்பை ஒத்த உடல்; எறும்புப் புற்றைப் போன்ற சமுதாயம். இத்தகைய உயிர் உண்மையில் இருக்க முடியுமா? ஆராய்ந்து பார்ப்போம்.

உடலின் கணக்கு

இராஜபாளையத்து மாந்தோப்புகளில் இலைகளைப் பின்னிக் கூடு கட்டும் செவ்வெறும்பை நாம் அறிவோம். முசுறு என்றும் அதைச் சொல்வர். அதன் நீளம் ஒரு சென்டிமீட்டர் என்று கொண்டு, அதை 150 சென்டிமீட்டராக்கிப் பார்ப்போம். நீளம் 150 மடங்கானால் காலின் குறுக்குப் பரப்பு 150 × 150, அதாவது 22,500 மடங்காகும். எடையோ 150 × 150 × 150, அதாவது 33,75,000 மடங்காகிவிடும். காலின் பலம் அதன் குறுக்குப் பரப்பைப் பொறுத்தது. ஆகவே காலின் குறுக்குப் பரப்பில் ஒவ்வொரு சதுர அளவின் மீதும் முன்பைவிட 150 மடங்கு பாரம் அழுத்தும். எறும்பு தன் எடையைப் போலப் பல மடங்கு சுமப்பதற்கு அதன் சிறிய உருவமே முக்கிய காரணம்.

பூச்சிகளுக்கு உள்ளே எலும்பு இல்லை. மேல் ஓடே அவற்றின் எலும்பு. வளரும் பருவத்தில் அவை அந்த ஓட்டைக் கழற்றியாக வேண்டும். புதிய ஓடு இறுகும்வரை உடல் மென்மையாகவே இருக்கும். ஆள் உயரப் பூச்சியானால் அந்த நேரத்தில் தன் பாரத்தாலேயே சரிந்துவிடும்.

மூச்சின் கணக்கு

பூச்சிக்கு நுரையீரலும் இல்லை. உடலின் பக்கங்களிலுள்ள சிறு துளைகள் வழியே காற்று நுழைந்து, நுண்குழாய்களில் பரவி உறுப்புகளை அடைகிறது. குறுகிய தூரத்துக்கு இம்முறை போதும். பெரிய உடலுக்குப் போதாது. இதை 1926-இல் ஜே.பி.எஸ். ஹால்டேன் என்ற விஞ்ஞானி எளிமையாக விளக்கினார். இவர் 1957-இல் இந்தியாவுக்கு வந்து, இந்தியக் குடிமகனாகி, 1964-இல் புவனேசுவரத்தில் காலமானவர்.

சுமார் 30 கோடி ஆண்டுகளுக்கு முன், இரண்டடிக்கு மேல் சிறகு விரித்துப் பறந்த தும்பி போன்ற பூச்சிகள் இருந்தன. அக்காலக் காற்றில் பிராணவாயு இன்றைய 21 சதவீதத்தைவிட மிகுதியாக இருந்தது அதற்கு ஒரு காரணம் என்று விஞ்ஞானிகள் பலர் கருதுகின்றனர். அவையும் மனித அளவை எட்டவில்லை. ஆகவே எறும்பின் உடலோடு மனிதன் அளவு வளர்வது இயலாத காரியம்.

எறும்பின் சமுதாயம்

உடல் ஒவ்வாவிட்டாலும், சமுதாயம் ஒத்திருக்கிறதே என்று கேட்கலாம். முசுறுகள் வரிசையாக நின்று இலைகளை இழுத்துச் சேர்க்கின்றன. வேறு சில எறும்புகள் தம் இனப் புழுக்களை வாயில் கவ்வி, தறியில் நாடா ஓடுவதுபோல இங்குமங்கும் அசைக்கின்றன. புழு விடும் பட்டு நூல் இலைகளைப் பிணைக்கிறது. இவ்வேலைக்கார எறும்புகள் அனைத்தும் பெண்களே! பெரியவை வெளியே இரை தேடும். சிறியவை கூட்டுக்குள் புழுக்களைப் பேணும். யார் பெரியவள், யார் சிறியவள் என்பது புழுப் பருவத்திலேயே முடிவாகிவிடுகிறது. தேனீயிலும் இப்படியே. ஒரே வகை முட்டையிலிருந்து வரும் பெண் புழு, ஊட்டப்படும் உணவைப் பொறுத்து ராணியாகிறது அல்லது வேலைக்காரியாகிறது. பிறகு மாற்றமில்லை.

வெல்ஸ் இதையே தம் நாவலில் கையாண்டார். யந்திரம் ஓட்ட வேண்டிய செலனைட் பிள்ளைகளை ஜாடிக்குள் அடைத்து, முன்கைகள் மட்டும் வெளியே நீண்டு வளரும்படி செய்கிறார்கள். படிக்கும்போதே நெஞ்சு பதைக்கிறது. ஆனால் அவர் சந்திரனைக் காட்டிப் பூமியைத்தான் இடித்துரைத்தார்.

நம் ஊரில்

ஸ்ரீவில்லிபுத்தூருக்கு அருகிலுள்ள சிவகாசியில், ஒரு காலத்தில் பள்ளி செல்ல வேண்டிய சிறுமியர் பலர் தீக்குச்சிகளைச் சட்டத்தில் அடுக்கிக்கொண்டிருந்தனர். அவர்களுடைய விரல்களின் வேகம் மட்டுமே வேண்டப்பட்டது. 1986-இல் குழந்தைத் தொழிலாளர் சட்டம் வந்தது. 1996-இல் உச்ச நீதிமன்றம் சிவகாசி வழக்கில் தீர்ப்பளித்தது. 2016-ஆம் ஆண்டுத் திருத்தம், 14 வயது நிரம்பாதவர்களை வேலைக்கு அமர்த்துவதைப் பொதுவாகத் தடை செய்தது. 14 முதல் 18 வயது வரையுள்ளோரை அபாயத் தொழில்களில் அமர்த்துவதையும் தடுத்தது.

அப்படியானால் பதினைந்து வயதில் நிற்கும் எங்களை அபாயத் தொழில்களிலிருந்துதான் சட்டம் காக்கும். பத்தாம் வகுப்புக்குப் பின் படிப்பா, வேலையா என்பதை வீட்டில்தான் தீர்மானிக்கிறார்கள். உழைப்பு இழிவன்று, ஆலையிலும் தறியிலும் உழைக்கும் கைகளால்தான் எங்களில் பலருடைய வீடுகளில் அடுப்பெரிகிறது. எனினும், ‘இவளுக்குக் கை மட்டும் வளர்ந்தால் போதும்’ என்று ஒரு பெண்ணைப் பற்றி முன்கூட்டியே முடிவு கட்டுவது, அவளை அந்த ஜாடிக்குள் வைப்பதே ஆகும்.

முடிவுரை

எறும்பிடம் சுறுசுறுப்பையும் ஒற்றுமையையும் கற்போம். ஆனால் எறும்புக்கு இல்லாத ஒன்று நமக்கு உண்டு. நாம் என்ன ஆவோம் என்பது நம் உடலில் எழுதப்படவில்லை. நூல் நூற்பவளின் மகள் மருத்துவராகலாம்; மருத்துவரின் மகள் உழவும் செய்யலாம். பெற்றோர்களே, அந்த வாசலை எங்களுக்குத் திறந்து வையுங்கள். தோழியரே, திறந்த வாசல் வழியே நடக்கும் துணிவை நாம் வளர்த்துக்கொள்வோம்.