நிலவரியும் காப்புக்காடும்

புனே நகரின் வடமேற்கே முளா ஆற்றங்கரையில் அமைந்துள்ள வாகட், முன்னர் வயல் சூழ்ந்த சிற்றூராக இருந்தது. இன்று அது அடுக்குமாடிகள் நிறைந்த நகர்ப்பகுதி. நகரம் இவ்வாறு பரவுமிடங்களில் நிலத்தின் விலை ஏறுவதோடு பழைய பதிவேடுகளின் மதிப்பும் உயருகின்றது. பல்லாண்டுகள் தீர்வை செலுத்திய நிலம் காடு என வகைப்படுத்தப்பட்டது என்பதைச் சிலர் பிற்காலத்திலேயே அறிகின்றனர். தீர்வையைப் பெற்றால் உரிமையை ஒப்புக்கொண்டதாகுமோ என்று அலுவலர் தயங்குகின்றார். பெற மறுத்தால் உரிமை அற்றுவிடுமோ என்று நிலமுடையோர் அஞ்சுகின்றனர்.

பதிவேட்டின் இயல்பு

நம் நாட்டுச் சிட்டா, அடங்கல் ஆகியவற்றைப் போன்று மகாராஷ்டிரத்தில் வழங்குவது 'ஏழு-பன்னிரண்டு' என்னும் பதிவேடாகும். அதன் ஏழாம் படிவம் நிலத்தை உடையவர், தீர்வை முதலியவற்றைக் காட்டும். பன்னிரண்டாம் படிவம் பயிர் விவரத்தைத் தரும். இப்பதிவு வரி தண்டுவதற்காக ஏற்பட்டது. வருவாய்ப் பதிவில் பெயர் மாற்றம் செய்வதனால் உரிமை பிறப்பதுமில்லை, அழிவதுமில்லை. வரி செலுத்துவதற்குரியவர் இன்னார் என்பதையே அது குறிக்கும் என உச்ச நீதிமன்றம் 1996ஆம் ஆண்டில் விளக்கியது. எனவே, தீர்வைச் சீட்டு அனுபோகத்திற்குத் துணைச்சான்றாகலாமேயன்றி, காட்டைப் பட்டா நிலமாக்கும் ஆற்றல் அதற்கில்லை.

கோந்த்வா வழக்கு

புனேயின் தென்கிழக்கிலுள்ள கோந்த்வா புத்ருக்கில் ஒரு நிலப்பரப்பு 1879ஆம் ஆண்டில் காப்புக்காடாக அறிவிக்கப்பட்டது. 1934இல் அதில் 3 ஏக்கர் 20 குண்டா மட்டும் விலக்கப்பட்டது. எஞ்சிய 29 ஏக்கர் 15 குண்டா, அதாவது ஏறத்தாழ 11.89 ஹெக்டேர், காடாகவே நீடித்தது. எனினும் 1998இல் வருவாய்த் துறை வழியே அது வேளாண்மைக்கெனத் தனியார்க்கு வழங்கப்பட்டு, பின்னர் வீட்டுவசதிச் சங்கம் ஒன்றின் கைக்குச் சென்றது. 1980ஆம் ஆண்டு வனப் பாதுகாப்புச் சட்டப்படி, காட்டை வேறு பயனுக்கு மாற்ற மத்திய அரசின் முன்னிசைவு வேண்டும், அது பெறப்படவில்லை. 2025 மே 15இல் உச்ச நீதிமன்றம் இந்த ஒதுக்கீடு சட்டத்திற்கு மாறானது எனத் தீர்ப்பளித்து, நிலத்தை மூன்று திங்களுக்குள் வனத்துறையிடம் ஒப்படைக்க ஆணையிட்டது. வருவாய்த் துறை வசமுள்ள காப்புக்காடுகள் வேறெங்கேனும் தனியார்க்கு வழங்கப்பட்டுள்ளனவா என ஆராயத் தனிக்குழுக்கள் அமைக்குமாறு மாநிலங்களையும் பணித்தது.

மறுபக்கம்

காடு என்று எழுதிவிட்டால் மட்டும் போதுமா? போதாது. 1975ஆம் ஆண்டு மகாராஷ்டிரத் தனியார் காடுகள் கையகப்படுத்தும் சட்டம், 1927ஆம் ஆண்டு வனச் சட்டத்தின்கீழ் அறிவிப்பு விடுக்கப்பட்ட நிலங்களையும் தனியார் காடெனக் கொண்டு அரசிடம் சேர்த்தது. 1950களில் விடுக்கப்பட்ட அறிவிப்புகளை ஆதாரமாக்கி, மும்பையின் விக்ரோலி முதலிய இடங்களில் 2006இல் வருவாய்ப் பதிவுகள் மாற்றப்படலாயின. அதற்குள் அங்கு உரிய அனுமதியுடன் குடியிருப்புகள் எழுந்துவிட்டன. அறிவிப்பு உரியவரிடம் சேர்க்கப்பட்டிருத்தல் வேண்டும். விசாரணையின்றிப் பல்லாண்டுகள் கிடந்த அறிவிப்பைக்கொண்டு நிலத்தை எடுத்துக்கொள்ளுதல் கூடாது என உச்ச நீதிமன்றம் 2014 சனவரி 30இல் முடிவு கூறியது.

களப்பணியாளர் கடமை

இவ்விரு தீர்ப்புகளும் ஒன்றையொன்று மறுப்பன அல்ல. முன்னதில் செல்லத்தக்க காப்புக்காட்டு அறிவிப்பு இருந்தது. பின்னதில் அறிவிப்பு நிறைவுபெறவே இல்லை. ஆகவே அலுவலர் மூன்றினை நாடவேண்டும்: முதலாவது, அரசிதழ் அறிவிப்பும் அதன் எல்லை விவரமும், இரண்டாவது, அறிவிப்பு உரியவரிடம் சேர்ந்ததற்கும் விசாரணை நடந்ததற்கும் சான்று, மூன்றாவது, காடு பின்னர் முறைப்படி விலக்கப்பட்டதா என்பது. இவற்றை வனத்துறை வரைபடத்தோடும் புல அளவை எண்ணோடும் ஒப்பிட்ட பின்னரே பதிவில் கைவைத்தல் தகும்.

ஆசிரியர்கள் தம் ஊரின் புலப்படத்தை வகுப்பில் விரித்து, புறம்போக்கு, நீர்நிலை, காடு, பட்டா நிலம் ஆகியவற்றை மாணவரைக்கொண்டு வேறுபடுத்திக் காட்டச் செய்யலாம். நிலம் வாங்குவோர் வரிச்சீட்டோடு நில்லாமல் வகைப்பாட்டையும் வினவும் வழக்கம் இதனால் வளரும். காடும் காக்கப்படும், குடும்பங்களின் சேமிப்பும் காக்கப்படும்.