பூண்டி நீர்த்தேக்கமும் படிப்படிக் கணக்கும்

திருவள்ளூருக்கு அண்மையில், கொசஸ்தலை யாற்றின் குறுக்கே 1944-ஆம் ஆண்டில் கட்டி முடிக்கப்பெற்றது பூண்டி நீர்த்தேக்கம். சென்னை நகர மேயராய் விளங்கிய எஸ். சத்தியமூர்த்தியின் பெயர் அதற்கு வழங்குகின்றது. அதன் முழுக் கொள்ளளவு 3,231 மில்லியன் கன அடி. ஐப்பசி கார்த்திகை மழையில் வெள்ளம் பெருகுங்கால் மதகுகளை எப்பொழுது திறப்பது? காலந் தாழ்த்தினால் எண்ணூர்க் கழிமுகம் வரையில் ஆற்றங்கரையில் வாழ்வோர்க்கு இடர். வீணே முந்தினால் சென்னையின் குடிநீர் கடலிற் கலந்துபோம். வகையீட்டுச் சமன்பாடு பரீட்சைக்கென்றே ஏற்பட்டதெனக் கருதும் மாணாக்கர் இவ்வினாவை ஆராய்தல் நலம்.

தேக்கத்தின் நீர் மாறும் வேகமானது, வரும் நீரின் வேகத்தினின்று போகும் நீரின் வேகத்தைக் கழித்த மிச்சமாம். இதுவே நம் சமன்பாடு. எனினும் மழை எந்தச் சூத்திரத்துக்கும் கட்டுப்பட்டுப் பெய்வதில்லை. மணிதோறும் அளந்த எண்களே நம் கையில் உள. ஆதலின் ஆய்லர் என்னும் கணித அறிஞர் 1768-இல் வெளியிட்ட நூலில் விளக்கிய முறையைக் கைக்கொள்வோம். காலத்தைச் சிறு படிகளாகப் பகுத்து, ஒவ்வொரு படியின் தொடக்கத்திலுள்ள வேகமே அப்படி முடியுமளவும் நிலைக்குமெனக் கொள்வதே அம்முறை.

பயிற்சிக்காகச் சில எண்களைக் கற்பித்துக் கொள்வோம். இருப்பு 3,000 மில்லியன் கன அடி. வரும் நீர் விநாடிக்கு 10,000 கன அடியில் தொடங்கி, மணிக்கு 10,000 வீதம் சீராய் ஏறுகின்றது. போகும் நீர் விநாடிக்கு 5,000 கன அடி. விநாடிக்கு 1,000 கன அடி வீதம் ஒரு மணி நேரம் பாய்ந்தால் 3.6 மில்லியன் கன அடி சேரும்.

நான்கு மணியையும் ஒரே படியாகக் கொண்டால், மிச்சம் 5,000, சேர்வது 72 மில்லியன், இருப்பு 3,072. அச்சமில்லை எனத் தோன்றும். மணிக்கொரு படியாக வைத்தாலோ, மிச்சம் முறையே 5,000, 15,000, 25,000, 35,000, சேர்வது 288, இருப்பு 3,288. தேக்கம் நிரம்பி வழியும்! வெள்ளம் ஒன்றே, படியின் நீளமே வேறு.

இதுவும் முழு உண்மையன்று. ஏறும் வெள்ளத்தில் தொடக்க வேகம் எப்பொழுதும் குறைவாகவே காட்டும். படியின் தொடக்கம், முடிவு ஆகிய இரண்டின் சராசரியைக் கொண்டால், மூன்று மணி முடிவில் இருப்பு 3,216 ஆகும். மேலும் ஏழு நிமிஷத்தில் தேக்கம் நிரம்பும். முந்திய கணக்கோ நிரம்பும் நேரத்தை ஏறக்குறைய இருபத்தாறு நிமிஷம் பிந்திக் கூறும். மதகைத் திறப்பவர்க்கும் கரையோர மக்களுக்கும் அந்நிமிஷங்களின் அருமை தெரியும்.

நீர்மட்டம் உயர உயரப் போகும் நீரும் மாறுமாயின், படிமுடிவின் வேகம் முன்னரே தெரியாது. அப்பொழுது ஆய்லர் முறையால் ஓர் உத்தேச விடை கண்டு, பின்னர்ச் சராசரியால் திருத்துதல் வேண்டும். இவ்வழியை மேலும் நுட்பமாக்கியவர்கள் ரூங்கே (1895), குட்டா (1901) என்னும் ஜெர்மானியர்.

கும்மிடிப்பூண்டி உருக்காலைகளில் காய்ச்சிய இரும்பு ஆறுவதற்கும் இம்முறை பொருந்தும். சூடு விரைந்து குறையும் முதற்பொழுதில் படிகள் குறுகியிருத்தல் வேண்டும், பின்னர் நீளலாம். கிடைத்த விடையை உடனே நம்பற்க. படியைப் பாதியாக்கி மீண்டும் கணக்கிடுக. இரண்டும் ஒத்தாலன்றி மேற்செல்லற்க.