வேல்சு நாட்டுப் பாவலரும் பதுங்குகுழிப் போரும் – ஒரு பார்வை

போர்க்களத்தைப் பாடுபொருளாகக் கொண்ட இலக்கியம் தமிழில் பெருவளம் உடையது. புறத்திணை என்றொரு பிரிவை வகுத்து, வெட்சி முதல் வாகை வரை போரின் நிலை ஒவ்வொன்றுக்கும் ஒரு பூவின் பெயரைச் சூட்டி வைத்தவர் நம் முன்னோர். ஆதலின், பிறமொழியாளர் போரை எவ்வாறு பாடினர் என்று அறியும் ஆவல் தமிழ் பயில்வோர்க்கு இயல்பாகவே எழும். முதல் உலகப் போரின் (1914–1918) கவிஞர் யாவர் என வகுப்பில் வினவினால், வில்பிரட் ஓவன், சசூன், ரூபர்ட் புரூக் என ஆங்கிலப் பாடநூல் தந்த பெயர்களையே நம் மாணவர் கூறுகின்றனர். அதில் தவறொன்றும் இல்லை. எனினும் அன்று பிரித்தானியப் படையில் நின்றவர் அனைவரும் ஆங்கிலத்தைத் தாய்மொழியாகக் கொண்டவர் அல்லர். 1914 அக்டோபர் 31 அன்று பெல்ஜியத்தின் ஹோலபெக் என்னும் ஊரருகே, தம் குழுவினர் அனைவரும் வீழ்ந்த பின்னும் படுகாயத்தோடு இயந்திரத் துப்பாக்கியை இயக்கி, விக்டோரியா சிலுவை விருதை இந்திய வீரருள் முதலாவதாகப் பெற்ற சிப்பாய் குதாதாத் கான் பஞ்சாபைச் சேர்ந்தவர். அதே ஈப்ர் வட்டாரத்தில், மூன்றாண்டுகளுக்குப் பின் உயிர்நீத்த வேல்சு மொழிப் பாவலர் ஒருவரைப் பற்றியே இங்குச் சிறப்பாகக் காணவிருக்கிறோம்.

வேல்சு, பிரித்தானியத் தீவின் மேற்கே உள்ள சிறிய மலைநாடு. அதன் மொழி கெல்டிக் மொழிக் குடும்பத்தைச் சார்ந்தது, ஆங்கிலத்தினும் பழமையானது. 1911 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் சுமார் 9,77,000 பேர் அம்மொழி பேசினர். 2021 கணக்கெடுப்பில் அத்தொகை சுமார் 5,38,000. இச்சரிவுக்குக் காரணங்கள் பல உண்டு. ஒரு தலைமுறை இளைஞரைக் கொண்டுசென்ற அப்போரையும் அவற்றுள் ஒன்றாகக் கருதுவது பொருந்தும். கார்டிப் நகரிலுள்ள வேல்சு நினைவேட்டில் மட்டும் ஏறத்தாழ 35,000 பெயர்கள் எழுதப்பட்டுள்ளன.

குழியும் சேறும்

சுவிட்சர்லாந்து எல்லை தொடங்கி வடகடல் வரை ஏறத்தாழ 700 கிலோமீட்டர் நீளத்துக்கு இரு தரப்பாரும் எதிரெதிரே குழி வெட்டி அமர்ந்ததே மேற்குப் போர்முனை. குழி நேர்கோடாக வெட்டப்படவில்லை. எறிகுண்டு ஓரிடத்தில் வீழின் அதன் சிதறல் குழியின் நீளத்துக்கும் பாயாதிருக்க, இடையிடையே மடித்து மடித்து வெட்டினர். முன்வரிசை, துணைவரிசை, ஒதுக்குவரிசை என மூன்று வரிசைகள். அவற்றை இணைக்கும் வழிக்குழிகள். ஒரு வீரன் முன்வரிசையிலேயே ஆண்டு முழுவதும் கிடந்தான் என்று எண்ணுதல் பிழை. சில நாள் முன்னே, சில நாள் பின்னே என முறைவைத்து மாற்றினர். விடியற்காலையிலும் அந்திப்பொழுதிலும் அனைவரும் துப்பாக்கியுடன் மேடையேறி நிற்பர். பகைவர் தாக்குதற்கு வாய்ப்பான பொழுதுகள் அவை. பகலில் அசைவிராது. மண் வெட்டுதல், முள்வேலி கட்டுதல், உணவு சுமத்தல் ஆகிய வேலையெல்லாம் இரவில்தான்.

நிலத்தின் இயல்பும் வேறுபட்டது. பிரான்சின் சோம் பகுதியில் வெண்சுண்ணாம்பு மண், ஆழ வெட்டலாம். பெல்ஜியத்தின் பிளாண்டர்ஸ் பகுதியிலோ சில அடி தோண்டியதும் நீர் ஊறும். ஆகவே அங்கே மண்மூட்டைகளை அடுக்கிச் சுவர் எழுப்பினர். நாள்கணக்கில் நீரில் நின்ற கால்கள் மரத்து, வீங்கி, அழுகின. 1914–15 குளிர்காலத்தில் பிரித்தானியப் படையில் சுமார் 20,000 பேர் இந்நோயால் வருந்தினர். திமிங்கிலக் கொழுப்பெண்ணெயைக் காலில் தேய்ப்பதும், காலுறையை நாள்தோறும் மாற்றுவதும் பின்னர்ப் படைவிதியே ஆயின. பெட்ரோல் தகரங்களில் சுமந்துவந்த நீரில் காய்ச்சிய தேநீரில் பெட்ரோல் வாடை வீசும். பேன் தரும் தொல்லை கூறி முடியாது. அதனால் பரவிய காய்ச்சலுக்கு அதுவே காரணம் என்பது போர் முடியும் தறுவாயில், 1918-இல்தான் உறுதிப்பட்டது.

வேல்சு நாட்டிலிருந்து சென்றோருள் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர் பலர். பகைவர் குழிகளுக்கு அடியில் சுரங்கம் தோண்டி வெடிவைக்கும் பிரிவுகளுக்கு அவர்கள் வேண்டப்பட்டனர். ஊரில் பிழைப்புக்காகக் கற்ற தொழில் போர்முனையில் அழிவுக்குப் பயன்பட்டது.

மாமெட்சுக் காடு

1914 செப்டம்பர் 19 அன்று இலண்டன் குயின்ஸ் ஹால் மண்டபத்தில், தாமும் வேல்சு மொழியினரான லாயிட் ஜார்ஜ், வேல்சுக்கெனத் தனிப்படை வேண்டும் என்று முழங்கினார். சமய போதகர்கள் சிலரும் சீருடை அணிந்து மேடையேறி ஆள்திரட்டினர் என்பது ஈண்டு வருத்தத்தோடு நினையத்தக்கது. அவ்வாறு திரண்டதே 38-ஆம் வேல்சுப் படைப்பிரிவு. சோம் போரின் முதல்நாளான 1916 சூலை 1 அன்று மட்டும் பிரித்தானியப் படையில் 19,240 பேர் மாண்டனர். ஆறு நாள் கழித்து மாமெட்சுக் காட்டைக் கைப்பற்றும் பணி வேல்சுப் பிரிவுக்குத் தரப்பட்டது. மறைவில்லாத வெளியைக் கடந்து, இயந்திரத் துப்பாக்கிகளின் எதிரே சரிவேறி, காட்டுக்குள் மரத்துக்கு மரம் கைகலந்து சண்டையிட்டனர். இடையில் படைத்தலைவரே மாற்றப்பட்டார். சூலை 12-இல் அப்பிரிவு விலக்கப்பட்டபோது காடு பெரும்பாலும் கைவசமாகியிருந்தது. இறந்தோரும் காயமுற்றோருமாக இழப்பு ஏறத்தாழ 4,000. அத்தனை கொடுத்தும், ஊக்கமின்றிப் போரிட்டனர் என்ற பழியே அவர்களுக்கு மிஞ்சியது. அடுத்த ஓராண்டு பெருந்தாக்குதல் எதிலும் அவர்கள் ஈடுபடுத்தப்படவில்லை.

அக்காட்டில் காலில் குண்டடிபட்டவருள் டேவிட் ஜோன்ஸ் என்பாரும் ஒருவர். தந்தை வேல்சு நாட்டவர், தாய் ஆங்கிலப் பெண்மணி, பிறந்தது இலண்டனில். ஓவியம் பயின்றவர். 'அடைப்புக்குறிக்குள்' எனப் பொருள்படும் தலைப்பில் அவர் ஆங்கிலத்தில் எழுதிய நெடும்படைப்பு 1937-இல் வெளிவந்தது. அதன் ஏழு பகுதிகளுக்கும் முகப்பாக, அனெய்ரின் பாடியதாகக் கூறப்படும் 'கொதோதின்' என்னும் பழைய வேல்சுப் பாடலிலிருந்து அடிகளை எடுத்து வைத்துள்ளார். தலைவன் ஓராண்டு ஊட்டிய விருந்தையும் தேறலையும் உண்ட வீரர், கத்ரைத் என்னும் களத்துக்குச் சென்று, உண்ட தேறலுக்கு உயிரையே விலையாகத் தந்தனர் என்பது அப்பாடலின் பொருள். செஞ்சோற்றுக்கடன் என்று நாம் வழங்கும் கருத்தே இது. ஆயினும் ஜோன்ஸ் காட்டும் வீரனுக்கு ஊட்டியோர் யார்? தகர டப்பா இறைச்சியும் உடைக்க முடியாத பிஸ்கோத்தும் தந்த அரசு, உண்ணவைத்த தலைவனுக்கு ஈடாகுமா? பழம்பாடலை முகப்பில் வைத்ததாலேயே இவ்வினா தானே எழுகிறது. அவர் வாய்விட்டுக் கேட்கவில்லை.

ஆட்டிடையரான அரும்பாவலர்

ஜோன்ஸ் பணியாற்றிய அதே ராயல் வெல்ஷ் பியூசிலியர்ஸ் 15-ஆம் படையணியில் 1917-இல் சேர்ந்தவர் எல்லிஸ் ஹம்ப்ரி எவான்ஸ். வடவேல்சின் டிராஸ்வனித் என்ற ஊரருகே 'அர் அஸ்குர்ன்' எனும் பண்ணையில் ஆடு மேய்த்தவர். 1887 சனவரி 13-இல், பதினொரு மக்களுள் மூத்தவராகப் பிறந்தார். 'ஹெத் வின்' என்பது அவர்தம் புலமைப்பெயர். தூய அமைதி, வெண்ணிற அமைதி என அதற்குப் பொருள் கொள்வர்.

வேல்சு நாட்டில் 'ஐஸ்டெத்வொத்' என்னும் பாட்டரங்கு 1176 முதல் வழக்கில் உள்ளது. கடுமையான யாப்பில் நெடும்பாடல் இயற்றி வென்றவர்க்குச் செதுக்கிய மரநாற்காலியொன்றைப் பரிசாக அளித்து, அதில் அமர்த்துவர். அந்த யாப்பின் உயிர்நாடி 'கங்ஹானெத்' என்னும் ஒலியமைப்பு. நம் மோனை முதலெழுத்தையும் எதுகை இரண்டாமெழுத்தையும் நோக்குவன. கங்ஹானெத்தின் ஒரு வகையிலோ அடியின் முற்பாதியில் வந்த மெய்யெழுத்துகள் அதே வரிசையில் பிற்பாதியிலும் வரல் வேண்டும். கல்லூரிக் கல்வி பெறாத ஓர் இடையர் இதில் வல்லவராகி, 1907 முதல் உள்ளூர் அரங்குகளில் பல நாற்காலிகளை வென்றார் என்றால், அவ்வூர் மக்களிடையே புலமை எவ்வளவு பரவியிருந்தது என்பது தெளிவாகும். 1916-இல் தேசிய அரங்கில் இரண்டாமிடம் பெற்றார்.

அவர் போரை விரும்பியவர் அல்லர். 1916-இல் கட்டாயப் படைச்சேர்ப்புச் சட்டம் வந்தது. பண்ணை வேலைக்கு ஒருவர் இருக்கலாம். மற்றவர் போக வேண்டும் என்ற நிலையில், தம்பி போக வேண்டாமென்று தாமே சென்றார். லிவர்பூல் அருகே லிதர்லாந்தில் பயிற்சி. 1917 வசந்தத்தில் உழவுக்கு ஆள் போதாமையால் ஏழு வாரம் ஊர் திரும்ப விடுப்புக் கிட்டியது. அப்போது வளர்ந்ததே 'அர் அர்வர்' என்னும் நெடும்பாடல். 'வீரன்' என்பது அதன் பொருள். தலைப்பை அவர் தேர்ந்தெடுக்கவில்லை. அவ்வாண்டுத் தேசிய அரங்கு அளித்த தலைப்பு அது. படைவீரனின் வெற்றியைப் பாடுமாறு அழைத்த தலைப்பை ஏற்று, மனிதர்க்குத் தீயைக் கொணர்ந்து அதற்காகத் துன்புற்ற கிரேக்கப் புராணத்துப் பிரமீதியசை ஒத்த ஒருவனை அவர் வீரனாக்கினார் என்பர் உரையாளர். வாகை பாடச் சொன்னவர்க்கு அவர் வேறொரு திணையைப் பாடித் தந்தார் என்றே நாம் கொள்கிறோம்.

சூன் மாதம் பிரான்சு சேர்ந்தார். பிளெஷான் என்னும் சிற்றூரில் பாடலை முடித்து, சூலை நடுவில், போட்டி விதிப்படி புனைபெயரிட்டு அஞ்சலில் சேர்த்தார். சூலை 31 அன்று மூன்றாம் ஈப்ர் போர் தொடங்கியது. அதற்கு முன்னர்ச் சுமார் 43 இலட்சம் எறிகுண்டுகள் வீசப்பட்டு, வயல்களின் வடிகால்கள் சிதைந்திருந்தன. அன்று பிற்பகல் முதல் மழையும் பிடித்துக்கொண்டது. வேல்சுப் பிரிவு பில்கெம் மேட்டைக் கைப்பற்றியது. மாமெட்சில் சுமத்தப்பட்ட பழி அன்று நீங்கிற்று என்று படை வரலாறு கூறும். அன்றுதான் ஹெத் வின் குண்டுச் சிதறலால் படுகாயமுற்று உயிர்நீத்தார். அகவை 30. அயர்லாந்துக் கவிஞர் பிரான்சிஸ் லெட்விட்ஜும் அதே நாளில் மாண்டார். இருவரும் பூசிங்கே ஊரின் ஆர்ட்டிலரி உட் கல்லறைத் தோட்டத்தில் துயில்கின்றனர்.

செப்டம்பர் 6 அன்று பர்க்கன்ஹெட் நகரில் தேசிய அரங்கு கூடியது. அப்போது பிரதமராகிவிட்ட லாயிட் ஜார்ஜும் அவையில் இருந்தார். நடுவர் தீர்ப்பைப் படித்தார். வென்றவர் எழுந்து நிற்க வேண்டும் என எக்காளம் ஊதி அழைத்தனர். எவரும் எழவில்லை. வென்றவர் ஐந்து வாரத்திற்கு முன் களத்தில் வீழ்ந்த ஹெத் வின் என்று அவைத்தலைவர் அறிவித்து, வெறும் நாற்காலியின்மேல் கருப்புத் துணியைப் போர்த்தினார். ஆள்திரட்டிய தலைவர் அந்நாற்காலியை எதிரே பார்த்து அமர்ந்திருந்தார் என்பதை நினையாமல் நம்மால் இப்பகுதியைக் கடக்க இயலவில்லை. அதனைச் செதுக்கியவர் யூஜீன் வான்பிளெட்டரன். போருக்கு அஞ்சி பெல்ஜியத்திலிருந்து வந்து அடைக்கலம் புகுந்த தச்சர். பாவலர் புதைக்கப்பட்டதும் அவர்தம் நாட்டு மண்ணிலேயே.

பின்னர் ஆர். வில்லியம்ஸ் பாரி என்னும் புலவர் அவர்மீது பாடிய சிறுபாக்கள், நம் இலக்கணத்தில் கையறுநிலைத் துறையில் அடங்கும். அவர் வாழ்வு 1992-இல் வேல்சு மொழித் திரைப்படமாகி, ஆஸ்கர் பரிந்துரையையும் பெற்றது. 1923-இல் டிராஸ்வனித் ஊரில் நிறுவப்பட்ட அவர் சிலையைத் தாயாரே திறந்து வைத்தார். அச்சிலையில் படைச்சீருடை இல்லை. இடையர் உடையில்தான் அவர் நிற்கிறார். கருப்பு நாற்காலி பண்ணை வீட்டுக்கு வந்து சேர்ந்தது. நாடி வருவோர்க்குக் கதவைத் திறந்தே வைக்க வேண்டும் என்று பாட்டியார் சொன்ன சொல்லைக் காத்து, தங்கை மகன் ஒருவர் பல்லாண்டுகள் அவ்வீட்டிலேயே வாழ்ந்து, வந்தவர்க்கெல்லாம் அதனைக் காட்டினார். 2012-இல் தேசியப் பூங்கா நிருவாகம் வீட்டை வாங்கிச் செப்பனிட்டு, பாவலர் மறைந்த நூற்றாண்டான 2017-இல் மீண்டும் திறந்தது. நாற்காலி இன்றும் அங்கேதான் உள்ளது.