‘தாயகம் திரும்பியோர்’, ‘ஏதிலியர்’: மலையகத் தமிழர் இடப்பெயர்வில் இரு சொற்கள்

இலங்கை இனப்போர் பற்றிய ஆய்வுகள் பெரும்பாலும் வடகிழக்கையே மையமிட்டவை. 1976இல் நிறைவேறிய வட்டுக்கோட்டைத் தீர்மானம் கோரிய தனிநாட்டின் எல்லைக்குள் மலையகம் அடங்கவில்லை. தொண்டமான் தலைமையிலான இலங்கைத் தொழிலாளர் காங்கிரசும் அக்கோரிக்கையிலிருந்து விலகி நின்றது. எனினும் பூசலின் சுமை தோட்டத் தொழிலாளர்மீதும் விழுந்தது. 1977 வன்முறைக்குப்பின் மலையிறங்கியோருள் பலர் வவுனியாப் பகுதியில் குடியேறினர்; காந்தியம் இயக்கம் அவர்களுக்குத் துணைநின்றது. அடைக்கலம் தேடிய அந்நிலமே பின்னர்ப் போர்க்களமாயிற்று. அங்கிருந்து கடல்கடந்து தமிழகம் வந்தோர் ‘ஏதிலியர்’ எனப் பதிவாயினர்.

இவர்களுக்கு முன்னரே வந்தோர்க்கு வேறு பெயர். 1964ஆம் ஆண்டு சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தின்படி 5,25,000 பேரை ஏற்க இந்தியா இசைந்தது. அவ்வாறு வந்தோர் ‘தாயகம் திரும்பியோர்’ எனப்பட்டனர். 1984இல் தலைமன்னார்–இராமேசுவரம் கப்பல் நின்றதால் பயணம் தடைப்பட்டோரும் உளர். ஒரே தோட்டத்து மக்களை இவ்விரு அலுவலகச் சொற்கள் பிரித்தன. ஒரு சொல் குடியுரிமையையும் மறுவாழ்வு உதவியையும் குறித்தது, மற்றது முகாமை.

‘திரும்புதல்’ போனவர்க்கே பொருந்தும். தென்காசியை உள்ளடக்கிய அன்றைய திருநெல்வேலி மாவட்டம், திருச்சி, மதுரை முதலிய இடங்களிலிருந்து கண்டிச்சீமைக்குப் போனோர் முன்னோர். ‘திரும்பியோர்’ பெரும்பாலும் இலங்கையிலேயே பிறந்தோர். அங்கு ‘இந்தியத் தமிழர்’ எனக் கணக்கெடுக்கப்பட்ட அவர்களை, நீலகிரியின் அரசுத் தேயிலைத் தோட்டங்களில் வேலைக்கமர்ந்த பின்னரும், அக்கம்பக்கத்தார் ‘சிலோன்காரர்’ என்றே அழைத்தனர்.