நாலணாவில் தொடங்கிய மருத்துவமனை: காசி சேவாசிரமம் கற்பிக்கும் பாடம்



இவ்வாண்டு மலருக்கு ஒரு மருத்துவமனையின் வரலாற்றை எழுதப் போகிறேன் என்று சொன்னபோது, நண்பர் ஒருவர், "கோயில் மலரில் ஆஸ்பத்திரிக் கதையா?" என்று கேட்டார். ஆலயத்திற்கு வரும் பணம் ஆலயத்திற்கே போக வேண்டும், நோயாளிகளைப் பார்த்துக்கொள்ள அரசாங்கம் இருக்கிறது என்பது அவருடைய எண்ணம். ஒரு காலத்தில் என்னுடைய எண்ணமும் அதுதான். அதை மாற்றியது காசி மாநகரில் லக்சா என்னும் பகுதியில் உள்ள இராமகிருஷ்ண மிஷன் சேவாசிரமம். என் தாயாரின் அஸ்தியைக் கங்கையில் கரைக்கச் சென்ற இடத்தில், அந்த மருத்துவமனையைக் காணும் பேறு எனக்குக் கிடைத்தது. அதன் வரலாற்றை அறிந்தபோது நான் செய்த ஒரு தவறும் எனக்கு விளங்கியது. இரண்டையும் உங்களிடம் சொல்லவே இக்கட்டுரை.

காசியில் தெருவோரம் கிடந்த மூதாட்டி

காசியில் இறந்தால் முக்தி என்பது நம்மவர் நம்பிக்கை. அதனால் முதியவர்களும் கைம்பெண்களும் பாரதத்தின் பல பகுதிகளிலிருந்து கடைசிக் காலத்தைக் கழிக்க அங்கே வந்து சேர்வார்கள். கையில் இருந்த பணம் தீர்ந்துவிடும். ஊரிலிருந்து வரும் பணமும் ஒருநாள் நின்றுவிடும். வாடகை கொடுக்க முடியாமல் நோயில் விழுந்தவருக்குத் தெருதான் கதி. அன்னமிடும் சத்திரங்களுக்குக் காசியில் குறைவில்லை. நம் நகரத்தார் பெருமக்கள் அமைத்த சத்திரமும் அவற்றில் ஒன்று. ஆனால் எழுந்து நடக்க முடிந்தவர்தானே சத்திரத்துப் பந்திக்குப் போக முடியும்?

1900ஆம் ஆண்டு ஜூன் மாதம், ஜாமினி ரஞ்சன் மஜும்தார் என்ற வங்காள இளைஞர், சாகும் நிலையில் வழியோரம் கிடந்த ஒரு மூதாட்டியைக் கண்டார். அவரிடம் காசில்லை. வழிப்போக்கர் ஒருவரிடம் நாலணா இரந்து பெற்று, உணவு வாங்கி ஊட்டினார். பிறகு நண்பர்களின் துணையோடு அம்மூதாட்டிக்குச் சிகிச்சை கிடைக்கச் செய்தார். சாருசந்திர தாஸ், கேதார்நாத் மௌலிக் ஆகியோர் அந்த நண்பர்களுள் முக்கியமானவர்கள். பின்னாளில் இவ்விருவரும் துறவு பூண்டு சுவாமி சுபானந்தர், சுவாமி அசலானந்தர் என்று பெயர் பெற்றனர்.

நாலணா என்பது கால் ரூபாய். அதுவும் பிறரிடம் கேட்டு வாங்கியது. அந்த நிறுவனத்தின் மூலதனம் அவ்வளவுதான். அதன் பின்னர் இளைஞர்கள் வீடு வீடாகச் சென்று உதவி கேட்டார்கள். சந்துகளிலும் படித்துறைகளிலும் கிடந்த நோயாளிகளைத் தாங்களே தூக்கி வந்து, கழுவித் துடைத்து, மருந்து கொடுத்தார்கள். தங்கள் அமைப்புக்கு 'ஏழைகள் நிவாரணச் சங்கம்' என்று பெயரும் வைத்தார்கள்.

பெயரை மாற்றிய சுவாமிஜி

1893ஆம் ஆண்டு பினாங்கு, சிங்கப்பூர் வழியாகக் கப்பலில் சென்று, பின் சிகாகோவில் முழங்கிய சுவாமி விவேகானந்தர், தம் வாழ்வின் இறுதி ஆண்டான 1902இல் காசிக்கு வந்தார். இளைஞர்களின் பணியைக் கண்டு மனம் மகிழ்ந்தார். அதற்குப் பொருளுதவி வேண்டிப் பொதுமக்களுக்கு ஒரு வேண்டுகோளும் எழுதிக் கொடுத்தார். ஆனால் சங்கத்தின் பெயரை மட்டும் அவர் ஏற்கவில்லை. பிறருக்கு நிவாரணம் அளிக்க மனிதன் யார்? அவனால் சேவை செய்யத்தான் முடியும் என்பது அவர் கருத்து. 'நிவாரணம்' போய், 'சேவாசிரமம்' என்ற பெயர் வந்தது. அவ்வாண்டு ஜூலை மாதம் சுவாமிஜி மகாசமாதி அடைந்தார். நவம்பர் மாதம் அந்த இல்லம் இராமகிருஷ்ண மிஷனோடு இணைந்தது. 1910இல் லக்சாவில் சொந்த இடத்திற்குக் குடிபெயர்ந்தது.

ஒரு சொல்லை மாற்றியதில் என்ன இருக்கிறது என்று தோன்றலாம். எனக்கும் அப்படித்தான் தோன்றியிருக்கும், அந்த மூதாட்டியை நான் சந்தித்திராவிட்டால். நான் சொல்வது காசி மூதாட்டியை அல்ல. நம் ஊர் மூதாட்டியை.

நான் செய்த தவறு

பல ஆண்டுகளுக்கு முன் நான் ஒரு சங்கத்தில் செயலாளராக இருந்தேன். தீபாவளிக்கு முன் வசதி குறைந்த குடும்பங்களுக்கு அரிசி, எண்ணெய், மாவு கொடுப்போம். மேடையில் பிரமுகர் நிற்பார், பின்னால் நன்கொடையாளர் பெயர்கள் எழுதிய பதாகை இருக்கும். வாங்குபவர் கேமராவைப் பார்த்து நிற்க வேண்டும். அந்தப் படம் ஆண்டு மலரில் வெளிவரும்.

தோட்டத்தில் பால்மரம் வெட்டி ஓய்ந்த ஒரு பாட்டி, பையை வாங்கியவுடன் தலையைக் குனிந்துகொண்டார். "ஐயா, அரிசி போதும். படம் வேண்டாங்கய்யா. பேத்தி படிக்கிற பள்ளிக்கூடத்துக்கும் இந்தப் புத்தகம் போகுது" என்றார். "ஒரு நிமிஷந்தான் பாட்டி. பணம் கொடுத்தவங்களுக்குக் காட்டணுமில்ல" என்று சொல்லி நான்தான் அவரைத் திருப்பி நிறுத்தினேன். அவர் முந்தானையால் வாயை மூடிக்கொண்டார். படம் அப்படியே அச்சில் வந்தது. அடுத்த ஆண்டு அவர் பெயரைப் பட்டியலில் சேர்த்தோம். அவர் வரவில்லை.

நான் செய்தது நிவாரணம். சேவை அன்று. இந்த வேறுபாடு காசியில்தான் எனக்கு உறைத்தது.

மகேந்திரநாதர் எழுப்பிய ஐயம்

என் நண்பர் கேட்ட கேள்வியை 1912ஆம் ஆண்டிலேயே ஒருவர் காசியில் எழுப்பியிருக்கிறார். அவர் சாதாரணமானவர் அல்லர். ஸ்ரீ ராமகிருஷ்ணரின் உரையாடல்களைக் குறித்து வைத்து உலகுக்கு அளித்த மகேந்திரநாத் குப்தர். மருத்துவமனைகளும் மருந்தகங்களும் கட்ட விரும்பிய சம்பு மல்லிக் என்ற செல்வரிடம், இறைவன் நேரில் தோன்றினால் ஆஸ்பத்திரிகளையா கேட்பாய் என்று பரமஹம்சர் வினவியதுண்டு. அப்படியிருக்க, அவருடைய சீடர்கள் மருத்துவமனை நடத்துவது குருவின் நெறிதானா என்பது மகேந்திரநாதரின் ஐயம்.

அவ்வாண்டு நவம்பரில் அன்னை சாரதா தேவியார் சேவாசிரமத்திற்கு எழுந்தருளினார். எல்லாவற்றையும் சுற்றிப் பார்த்த அன்னை, குருதேவர் அங்கே எழுந்தருளியிருப்பதைத் தாம் உணர்வதாகக் கூறினார். பத்து ரூபாய்த் தாள் ஒன்றைக் காணிக்கையாக அனுப்பினார். அச்செய்தி கேட்டு மகேந்திரநாதரும் தம் ஐயம் நீங்கினார். அந்தப் பத்து ரூபாயைச் செலவழிக்க ஆசிரமத்தாருக்கு மனம் வரவில்லை. பெருஞ்செல்வமாகப் போற்றிப் பாதுகாத்து வருகிறார்கள்.

அப்படியானால் பரமஹம்சரின் சொல் பொய்யா? இல்லை. 'நான் கட்டினேன்' என்ற செருக்கோடு செய்யும் அறத்தைத்தான் அவர் எச்சரித்தார் என்பது என் புரிதல். அதே பரமஹம்சர்தான் 1884இல், உயிர்களுக்கு இரக்கம் காட்ட நாம் யார், உயிரைச் சிவமாகக் கண்டு தொண்டு செய்வதே முறை என்று உரைத்தார். அதைக் கேட்டுக்கொண்டிருந்த இளைஞர் நரேந்திரரே பின்னாளில் விவேகானந்தர் ஆனார். காசியில் பெயர் மாறியதன் வேர் அங்கே இருக்கிறது.

கை அழுக்கானால்தான் தொண்டு

ஹரித்வாரை அடுத்த கங்கல் என்னும் ஊரில் 1901இல் சுவாமி கல்யாணானந்தர் இதே போன்ற சேவாசிரமத்தைத் தொடங்கினார். 1903இல் சுவாமி நிச்சயானந்தர் அவரோடு சேர்ந்தார். இவர் மருந்துப் பையைச் சுமந்துகொண்டு, இருபது கிலோமீட்டருக்கு மேல் நடந்து ரிஷிகேசத்துச் சாதுக்களுக்கு வைத்தியம் பார்த்து வந்தவர். நோயாளிகளின் மலசலத்தைத் தம் கையால் அள்ளியதற்காக, மற்றச் சாதுக்கள் இவ்விருவரையும் கழிவு அள்ளும் சாமியார்கள் என்று இகழ்ந்து பந்தியிலிருந்து ஒதுக்கினார்கள். கைலாச ஆசிரமத்துத் தலைவர் தனராஜ் கிரி அவர்கள், இவர்களே உண்மையான சாதுக்கள் என்று எடுத்துச் சொல்லிப் பந்திக்கு அழைக்கச் செய்த பிறகே அந்த ஒதுக்கல் நீங்கியது.

நம் ஆலயங்களின் பழைய வழக்கம்

இவையெல்லாம் வடநாட்டுச் செய்திகள், நமக்கென்ன என்று எண்ண வேண்டாம். காஞ்சிபுரத்தை அடுத்த திருமுக்கூடல் பெருமாள் கோயிலில் வீரராசேந்திர சோழன் காலத்துக் கல்வெட்டு ஒன்று இருக்கிறது. பதினோராம் நூற்றாண்டைச் சேர்ந்தது. அக்கோயிலைச் சார்ந்து 15 படுக்கைகள் கொண்ட ஆதுலர் சாலை, அதாவது மருத்துவமனை, நடந்ததை அது தெரிவிக்கிறது. மருத்துவர், அறுவை செய்பவர், மருந்து கொண்டு வருவோர், நோயாளிகளைப் பராமரிக்கும் பெண்கள் ஆகியோருக்கு ஆண்டுதோறும் எவ்வளவு நெல் என்பதும், இருப்பில் வைக்க வேண்டிய மருந்துகளின் பெயர்களும் அதில் பொறிக்கப்பட்டுள்ளன.

நன்கொடையாளர்கள் இதைக் கூர்ந்து நோக்க வேண்டும். கட்டடம் கட்டியதோடு அந்த அறம் நிற்கவில்லை. நோயாளிக்கு உணவும், தாதிக்கு ஊதியமும், மருந்துக்குப் பொருளும் ஆண்டு முழுவதும் கிடைக்க வழி செய்தார்கள். மருத்துவமனை கட்டுவது ஒருமுறைச் செலவு. நடத்துவது அன்றாடச் செலவு. கட்டடத்திற்கு ஓடிவரும் பணம், படுக்கை விரிப்புக்கும் பஞ்சுக்கும் எளிதில் வருவதில்லை. அவற்றில் யார் பெயரையும் பொறிக்க முடியாதல்லவா?

பெயரைப் பற்றிப் பேசும்போது அப்பூதியடிகள் நினைவுக்கு வருகிறார். அவர் வைத்த தண்ணீர்ப் பந்தலிலும் செய்த அறங்களிலும் தம் பெயரை எழுதவில்லை. தாம் கண்டிராத திருநாவுக்கரசர் பெயரையே எழுதினார். நடமாடும் கோயிலாகிய மக்களுக்கு ஈந்தது இறைவனையும் சேரும் என்று திருமூலரும் திருமந்திரத்தில் அருளியிருக்கிறார்.

நிறைவாக

இன்று காசி சேவாசிரமம் இருநூறுக்கும் மேற்பட்ட படுக்கைகளோடு இயங்குகிறது. ஆதரவற்ற முதியோருக்கு இல்லமும் அங்கே உண்டு. நாலணா அவ்வளவு தூரம் வளர்ந்திருக்கிறது.

காசியிலிருந்து திரும்பியதும் நான் அந்தப் பாட்டியைத் தேடிப் போனேன். கையில் அரிசிப் பை இருந்தது, கேமரா இல்லை. அவர் என்னை அடையாளம் கண்டுகொண்டார். ஒன்றும் சொல்லாமல் நாற்காலியைத் துடைத்துப் போட்டுத் தேத்தண்ணி கலக்கிக் கொடுத்தார். மன்னிப்புக் கேட்கத்தான் போனேன். அவர் எதிரில் எனக்கு வாய் வரவில்லை. அடுத்த செயற்குழுக் கூட்டத்தில், இனி உதவி பெறுவோரைப் படம் எடுப்பதில்லை என்ற தீர்மானத்தை நானே முன்மொழிந்தேன். நிறைவேறியது. நன்கொடை குறையும் என்று அஞ்சினோம். குறையவில்லை.

அன்பர்களே, உங்கள் குடும்பத்தில் ஒரு நினைவு நாள் வரும்போது, அருகிலுள்ள ஓர் அறநிலைய மருத்துவமனையையோ முதியோர் இல்லத்தையோ நினையுங்கள். அங்கே அன்றாடம் தேவைப்படுவது என்ன என்று கேட்டு அதைக் கொடுங்கள். பணம் இல்லாதவர்கள் ஒரு மணி நேரம் சென்று ஒரு நோயாளிக்குச் சோறு ஊட்டுங்கள். வாங்குபவர் தலைநிமிர்ந்து வாங்கும்படி கொடுங்கள். ஆலயத்தில் நாம் ஏற்றும் விளக்கின் ஒளி அந்தப் படுக்கை வரை செல்லட்டும்.

எல்லாம் வல்ல பரம்பொருளின் திருவருள் அனைவருக்கும் கிட்டுவதாக.