சாட்சியத்தைக் காக்கும் வேலை

சங்கரன்கோவில்

அன்புள்ள தம்பிக்கு,

ஒடுக்கப்பட்ட மக்களின் வாழ்க்கையை ஆவணப்படமாக எடுப்பதையே தொழிலாகக் கொள்ளப்போவதாக எழுதியிருந்தாய். மகிழ்ச்சி. ஆனால், குரலற்றவர்களுக்குக் குரல் கொடுப்பேன் என்று எழுதியிருந்ததை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை. அந்த மக்கள் பேசிக்கொண்டுதான் இருக்கிறார்கள். மனு கொடுக்கிறார்கள், மறியல் செய்கிறார்கள், நீதிமன்றத்தில் சாட்சி சொல்கிறார்கள். ஆனால் சொன்னது பதிவேட்டில் ஏறுவதில்லை, ஏறினாலும் நம்பப்படுவதில்லை. அவர்கள் சொன்ன சாட்சியம் அழிந்துபோகாமல் காப்பதே ஆவணப்படக்காரரின் வேலை.

நம் பக்கத்தையே எடுத்துக்கொள். 1999 ஜூலை 23 அன்று, மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களுக்காகத் திருநெல்வேலி கலெக்டர் ஆபீசுக்கு ஊர்வலமாகப் போனவர்கள்மீது போலீஸ் தடியடி நடத்தியது. தாமிரபரணியில் 17 பேர் இறந்தார்கள். ஒரு கைக்குழந்தையும் அதில் உண்டு. நீரில் மூழ்கி இறந்தார்கள் என்றது அரசுத் தரப்பு. அவர்கள் ஏன் ஆற்றில் இறங்க நேர்ந்தது என்று கேட்டது ஆர்.ஆர். சீனிவாசனின் 'நதியின் மரணம்' ஆவணப்படம். அங்கே இருந்தவர்களின் வாய்மொழியை அது சேர்த்து வைத்தது. அந்த நாளைப் பற்றித் தேடிவரும் மாணவனுக்கு இன்று அரசு அறிக்கை மட்டுமல்ல, அந்தப் படமும் கிடைக்கிறது. கீழ்வெண்மணியும் அப்படித்தான். 1968 டிசம்பர் 25 இரவு, ஒரே குடிசைக்குள் 44 பேர் எரிக்கப்பட்டார்கள். குற்றம்சாட்டப்பட்ட நிலக்கிழார்களை உயர் நீதிமன்றம் விடுவித்தது. 2005-இல் பாரதி கிருஷ்ணகுமார் 'ராமையாவின் குடிசை' எடுத்தபோது, எஞ்சியிருந்தவர்கள் முதுமையை எட்டியிருந்தார்கள். இன்னும் சில ஆண்டுகள் தள்ளிப்போட்டிருந்தால் அந்த வாக்குமூலங்களில் பல நமக்குக் கிடைத்திருக்காது.

படத்தால் என்ன மாறிவிட்டது என்று உன்னைக் கேட்பார்கள். கையால் மலம் அள்ளுவதை 1993-லும் 2013-லும் சட்டங்கள் தடைசெய்தன. அந்த வேலை நிற்கவில்லை. இதைப் பற்றி 2003-இல் அமுதன் 'பீ' எடுத்தார், 2017-இல் திவ்யபாரதி 'கக்கூஸ்' எடுத்தார். அதன் பிறகும் நிற்கவில்லை. இதை மறைக்காமல் ஒப்புக்கொள். ஆனால், அப்படி ஒரு வேலையே இங்கே இல்லை என்று எந்த அதிகாரி சொன்னாலும், அதை மறுக்க இந்தப் படங்கள் இருக்கின்றன. 'கக்கூஸ்' வந்த ஆண்டிலேயே திவ்யபாரதிக்குக் கைதும் மிரட்டல்களும் வந்தன. பயனில்லாத படத்துக்கு யாரும் இவ்வளவு கோபப்பட மாட்டார்கள்.

இன்னொரு கேள்வி இதைவிடக் கடினமானது. அடுத்தவர் துயரத்தைக் காட்டி நீ பெயர் வாங்குகிறாயா? இதற்குச் சொல்லால் பதில் கிடையாது, நடத்தையால்தான் உண்டு. 1997-இல் மும்பை ரமாபாய் நகரில் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் 10 தலித்துகள் இறந்தார்கள். அதிலிருந்து தொடங்கிய ஆனந்த் பட்வர்தனுக்கு 'ஜெய் பீம் காம்ரேட்' படத்தை முடிக்க 14 ஆண்டுகள் ஆயின. அத்தனை காலம் கூட இருந்ததால்தான் அந்த மக்களின் பாட்டும் வாதமும் அரசியலும் படத்துக்குள் வந்தன. அழுகையை மட்டும் எடுத்துக்கொண்டு திரும்புகிறவருக்கு ஒரு நாள் போதும். எதற்காக எடுக்கிறாய், எங்கே காட்டப்போகிறாய் என்று முதலிலேயே சொல். அவர்கள் வேண்டாம் என்றால் கேமராவை மூடு. முகம் தெரிந்தால் வேலை போகும் என்றால் முகத்தைக் காட்டாதே. இரு தரப்பையும் சமமாகக் காட்டவில்லையே என்பார்கள். எதிர்த்தரப்பிடமும் கேள், அவர்கள் சொன்னதைத் திரிக்காதே. ஆனால் அடித்தவரையும் அடிபட்டவரையும் ஒரே தட்டில் வைக்க வேண்டிய கடமை உனக்கில்லை.

பணத்தைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். தியேட்டர் உன் படத்தை வாங்காது. சங்கக் கூட்டம், கல்லூரி, திரைப்படக் கழகம், யூடியூப் என்றுதான் அது போகும். சோற்றுக்கு வேறொரு வேலையும் கற்றுக்கொள்.

முதல் படத்துக்காகச் சென்னைக்கு ஓட வேண்டாம். நம் ஊரில் விசைத்தறி ஓட்டுகிறவர்கள் கூலி உயர்வு கேட்டுப் பலமுறை தறியை நிறுத்தியிருக்கிறார்கள். வயதான நெசவாளர்கள் இருக்கும்போதே போய் உட்கார்ந்து கேள். படம் முடிந்ததும் முதல் திரையிடலை அவர்கள் தெருவிலேயே வை. அவர்கள் தவறு என்று சொல்லும் இடத்தைத் திருத்திய பிறகு வெளியே அனுப்பு.

அன்புடன்,
உன் அண்ணன்